வெள்ளிக்கிழமை அளவு

வெள்ளிக்கிழமை விளக்கு வைத்ததும் அம்சம் தன் புருஷனின் மார்பை அளக்க வேண்டும். இரண்டு வருஷமாக இது நடக்கிறது.

கோவிந்தராசு வாசலில் கிழக்கு பார்த்து நிற்பான். இடுப்பில் இறுக்கிக் கட்டிய துண்டு மட்டும்தான். இரண்டு கைகளையும் பக்கவாட்டில் உயர்த்திக்கொள்வான். மாயவரத்துத் தையல்கடையில் கேட்டு வாங்கிய மஞ்சள் நாடா ஒன்று மாடக்குழியில் சுருண்டு கிடக்கும். அதை எடுத்து, அவன் முதுகைச் சுற்றி முன்னால் கொண்டுவந்து அவள் பிடிப்பாள். முதலில் மூச்சை விட்டு ஓர் அளவு. பிறகு மூச்சை இழுத்து ஓர் அளவு. இழுத்த மூச்சை அவள் "ம்" என்று சொன்ன பிறகுதான் விடலாம். அதற்கு முன்னால் விட்டால் ஏறின உடம்பு இறங்கிவிடும் என்று தேகப்பயிற்சி மாஸ்டர் சொல்லியிருந்தார்.

அம்சத்துக்கு எண் படிக்கத் தெரியாது. நாடாவின் முனை வந்து சேரும் இடத்தில் கட்டைவிரல் நகத்தை அழுத்திக்கொண்டு "ம்" என்பாள். அவன் புஸ்ஸென்று மூச்சை விட்டு, குனிந்து நகத்தின் கீழே பார்ப்பான். கரித்துண்டால் சுவரில் எழுதுவான். சுவர் முழுக்க அவன் மார்பு எண்ணாக ஏறிக்கொண்டே போயிற்று.

"எவ்வளவு?" என்று முன்பெல்லாம் கேட்பாள். இப்போது கேட்பதில்லை. அவனே சொல்வான்.

"நாப்பத்தொண்ணே முக்கா. கால் கூடியிருக்கு."

"சரி."

"சரிங்கிற? மாயவரத்துல போன வருசம் ஆணழகன் ஆனவனுக்கு நாப்பத்திரண்டுதான் தெரியுமா?"

"தெரியாது" என்று சொல்லிவிட்டு அவள் அடுப்படிக்குப் போவாள். அவளுக்குக் கோபமில்லை. கோபம் இருக்க வேண்டிய இடத்தில் என்ன இருக்கிறது என்று சில சமயம் தனக்குள் பார்த்துக்கொள்வாள். அறுப்பு முடிந்த வயல் மாதிரி இருக்கும். தாளடி மட்டும் நிற்கும்.

தேகப்பயிற்சிக் கழகம், பண்ணையாரான மேல வீட்டு ஐயாவின் களத்தை ஒட்டிய பழைய கொட்டகையில் இருந்தது. ஐயா முன்பு கதர் கட்டினவர். ஆட்சி மாறின மறுவருஷம் கரைவேட்டிக்கு மாறினார். அதே வருஷம்தான் கீழத்தெருவில் செங்கொடி ஏறியது. உள்ளூர் ஆளுக்குத்தான் முதல் வேலை, பேசின கூலியைக் குறைக்கக் கூடாது என்று தெருவே ஒன்றாக நின்றது. அதற்கடுத்த பொங்கலுக்கு ஐயா, இளைஞர்கள் உடம்பைப் பேண வேண்டும் என்று சொல்லிக் கொட்டகையைத் திறந்துவிட்டார். பட்டாளத்திலிருந்து வந்த இராஜாங்கம் என்பவரை மாஸ்டராகப் போட்டார். ஆறு பேர் சேர்ந்தார்கள். நாலு பேர் மேலத்தெரு. இரண்டு பேர் கீழத்தெரு. அந்த இரண்டு பேரில் ஒருவன் கோவிந்தராசு. ஆளுக்கு நாலு முட்டை, ஊறவைத்த கொண்டைக்கடலை, அரைப்படி பால், எல்லாம் ஐயா வீட்டிலிருந்து வந்தது. நாலு பேருக்கு டம்ளரில் கொடுத்தார்கள். மற்ற இரண்டு பேரும் வீட்டிலிருந்து சொம்பு கொண்டுபோனார்கள். அதில் உயரத்திலிருந்து ஊற்றினார்கள்.

பெண்கள் கொட்டகைக்குள் போகக் கூடாது. ஆனால் அம்சம் பக்கத்துத் தொழுவத்தில் சாணி அள்ளப் போவாள். ஜன்னல் வழியாக எல்லாம் தெரியும். உள்ளே வரும்போது மண்ணைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வார்கள். கர்லாக்கட்டைகளுக்கு மஞ்சள் பூசிப் பொட்டு வைத்திருக்கும். முதலில் சுவரில் ஓர் அனுமார் படம் இருந்தது. கழகத்தைத் திறந்துவைக்கக் கட்சிக்காரர்கள் வருகிறார்கள், படம் இருந்தால் என்ன நினைப்பார்களோ என்று ஐயாவின் ஏஜெண்டு பஞ்சநதம் அன்று காலை அதைக் கழற்றிவிட்டார். படம் எங்கே போயிற்றோ, திரும்ப வரவில்லை. ஆணி மட்டும் இருந்தது. ஆறு பேரும் ஆணியைக் கும்பிட்டார்கள். செவ்வாய்க்கிழமை ஆணிக்கு நேராகச் சூடம் கொளுத்தினார்கள். ஒருநாள் அம்சம் பார்த்தபோது ஆணிக்குக் குங்குமம் வைத்திருந்தது.

மாஸ்டர் சொன்ன விதிகளைக் கோவிந்தராசு வீட்டில் வந்து ஒப்பிப்பான். அரிவாள் பிடிக்கக் கூடாது. ஒரு கை மட்டும் பருக்கும். சேற்றில் நிற்கக் கூடாது, நரம்பு இழுக்கும். தலையில் சுமை ஏற்றக் கூடாது. கழுத்து உள்ளே போய்விடும், மேடையில் நின்றால் தலையைத் தோளில் எடுத்து வைத்த மாதிரி தெரியும். பயிற்சி முடிந்த சூட்டு உடம்போடு குனியவே கூடாது.

"அப்ப என்னதான் செய்யலாம்?" என்று ஒருநாள் நீலாம்பாள் கேட்டாள். அவள் எதிர்வீடு. அம்சத்தைவிடப் பத்து வயது மூத்தவள். நடவில் முதல் ஆளாக நின்று குலவை போடுபவள்.

"சாயந்தரம் வரப்புல நடக்கலாமாம்" என்றாள் அம்சம்.

இருவரும் வாய்க்காலில் நின்று துணி கசக்கிக்கொண்டிருந்தார்கள்.

"அதான் பாக்கிறேனே. ஆறு பேரும் மேல சட்டையில்லாம ஒருத்தன் பின்னால ஒருத்தனா. எம்மவ, யம்மா சாமி போவுதுன்னு கன்னத்துல போட்டுக்குது. ஏ அம்சம், ஒம் புருசன் காலையில எத்தினி தண்டால் எடுக்கிறான்?"

"ஐநூறு."

"ஐநூறு தடவ குனிஞ்சு நிமிர்றான்! கையில நாத்தக் குடுத்து விட்டா ஒரு மா நட்டு முடிச்சிருப்பானே."

அம்சம் சிரித்தாள். சிரிப்பது எப்படி என்று முகத்துக்குத் தெரிந்திருந்தது.

"முட்டையில ஒண்ணு ஒனக்குக் குடுப்பானா?"

"அங்கியே உடைச்சு வாயில ஊத்திடுவாங்களாம். வீட்டுக்குக் கொண்டாரக் கூடாது."

"பாலு?"

"அதுவும் அங்கியே. பயிற்சி செய்யிற உடம்புக்குத்தான் அளந்து குடுக்கிறது."

நீலாம்பாள் புடவையை ஓங்கிக் கல்லில் அடித்தாள். பிறகு குரலை இறக்கி, "புரட்டாசியில நீ படுத்துக் கெடந்தப்பகூடவா?" என்றாள்.

"நான் கேக்கல அக்கா."

ஆவணியில் அம்சத்துக்கு ஐந்தாம் மாதம். வீட்டில் யாருமில்லாத ஒரு பகலில் அவள் மாடக்குழியிலிருந்து நாடாவை எடுத்துத் தன் வயிற்றைச் சுற்றிப் பிடித்தாள். நகத்தை அழுத்தினாள். யாரும் இல்லாததால் தானே "ம்" என்று சொல்லிக்கொண்டாள். எண் தெரியவில்லை. நாடாவில் விழுந்த நகக்கீறல் மட்டும் மெல்லிய பிறை மாதிரி நின்றது. அதைத் தடவிப் பார்த்துவிட்டுச் சுருட்டி வைத்தாள்.

புரட்டாசியில் நடவு முடிந்து வந்த ஒரு சாயங்காலம், மாட்டுக்குப் புல் அறுத்துக் கட்டினாள். ஈரப்புல். வாய்க்கால் கரையில் கட்டை நிமிர்த்தி வைத்துக்கொண்டு நின்றாள். சுமையைக் கட்டுவதும் சுமப்பதும் ஒரே ஆள் செய்யலாம். தலைக்கு ஏற்றுவதற்கு மட்டும் இன்னொரு ஆள் வேண்டும். அதனால் வயக்காட்டில், போகிற வருகிற யாரையும், சண்டைக்காரியாக இருந்தாலும், ஒரு கை கொடு என்று கூப்பிடலாம். யாரும் மாட்டேன் என்று சொல்வதில்லை. அப்படிச் சொல்லி அவள் கேட்டதில்லை.

அந்த வழியாகக் கோவிந்தராசு வந்தான். கொட்டகையிலிருந்து வருகிறான். மேலெல்லாம் வேர்வை மினுங்கியது.

"ஒரு கை குடுங்க" என்றாள்.

அவன் நின்றான். புல்லுக்கட்டைப் பார்த்தான். பாவமாகத்தான் பார்த்தான்.

"இப்பதான் பஸ்கி முடிச்சிட்டு வாரேன் அம்சம். சூட்டு உடம்பு. குனியக் கூடாதுன்னு மாஸ்டர் சொல்லியிருக்காரு. செத்த நில்லு, யாராச்சும் வருவாங்க."

அவன் போய்விட்டான். முதுகு அகலமாக, அசையாமல், கரையோடு போயிற்று. அவள் கொஞ்ச நேரம் நின்றாள். யாரும் வரவில்லை. மாடு கத்துவது கேட்டது. குனிந்து, முழங்காலில் கட்டை ஏற்றி, வயிற்றால் முட்டுக்கொடுத்து, தலைக்கு ஏற்றிக்கொண்டாள். மூன்றாம் நாள் எல்லாம் முடிந்தது. மருத்துவச்சி வெளியே வந்து, உடம்பில் சத்தே இல்லை என்று சொன்னாள். கோவிந்தராசு வாசலில் உட்கார்ந்து அழுதான். தோள்கள் குலுங்கின. அவ்வளவு பெரிய தோள்கள் குலுங்குவதை அம்சம் உள்ளே படுத்தபடி பார்த்தாள். நாளைக்கு வெள்ளிக்கிழமை என்று மட்டும் நினைத்தாள். மறுநாள் எழுந்து அளந்தாள்.

அதற்குப் பிறகு, அவன் மார்பைச் சுற்றி நாடாவை இழுக்கும்போது அவளுடைய பழைய கீறல் விரலில் தட்டும். அவன் அளவுக்கு நாலு விரல் முன்னால் இருந்தது அது. நகம் அதைத் தாண்டிப் போகும். அவ்வளவுதான்.

தை பிறந்தது. சம்பா தலை சாய்ந்துவிட்டது. பொங்கலுக்கு வெள்ளையடித்தபோது எண்களின் மேல் படாமல் அடிக்கச் சொன்னான். அவள் அப்படியே அடித்தாள். அந்த மாதம் இரண்டாம் ஞாயிற்றுக்கிழமை மாயவரத்தில் ஆணழகன் போட்டி.

பொங்கல் கழிந்து அம்சத்தின் அண்ணன் கண்ணுசாமி வந்தான். செங்கொடிச் சங்கத்தில் அவன்தான் கீழத்தெருவுக்குப் பொறுப்பு. ஒல்லியான ஆள். ஒரு கண்ணில் பூ விழுந்திருந்தது. கோவிந்தராசு கொல்லையில் உட்கார்ந்து உள்ளங்காலுக்கு நல்லெண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தான்.

"மாப்ள, நாளைக்கழிச்சு அறுப்பாமே. கொள்ளிடத்துக்கு வடக்கேர்ந்து லாரியில ஆளு வருதாம்."

"எனக்கென்ன தெரியும் மச்சான்? நான் வயக்காட்டுப் பக்கமே போறதில்ல."

"நீ போறதில்லதான். நாளைக்கழிச்சு போவ. ஒங்க ஆறு பேரையும் வரப்புல நிறுத்தப் போறாங்க. ஏஜெண்டே டீக்கடையில சொல்லிட்டுப் போறான்."

கோவிந்தராசு எண்ணெய்க் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"சும்மா நிக்கிறதுதான். அடிதடின்னு ஒண்ணும் இல்ல."

"கையில கம்பு இருக்குமா இருக்காதா?"

"இருக்கும்."

"அப்ப யாரை அடிக்க? நெல்லையா?"

"மச்சான், ரெண்டு வருசமா பாலு குடிச்சிருக்கேன். நின்னுட்டு வான்னா நிக்கத்தானே வேணும். அடுத்த ஞாயித்துக்கிழம போட்டி. வேன் அவங்க வேன். மாஸ்டர் சொல்றாரு, எனக்குத்தான் கெடைக்கும்னு."

"கெடைச்சா?"

"கெடைச்சா… அடுத்து தஞ்சாவூரு."

"தஞ்சாவூர்ல கெடைச்சா?"

கோவிந்தராசு யோசித்தான். அதற்கு மேல் அவன் யோசித்ததில்லை என்று முகத்தில் தெரிந்தது.

கண்ணுசாமி தங்கையின் பக்கம் திரும்பினான். "ரோட்டுல தெருவே வந்து நிக்கும். நீ வர்றியா?"

"வாரேன்."

"அவரு எதிர்ல நிப்பாரு."

"நிக்கட்டும்."

"ஒண்ணு நல்லாத் தெரிஞ்சுக்க. அன்னிக்கு யார் அந்த நெல்லுல கை வச்சாலும், கதிர ஒரு பிடி அறுத்தாலும், ஒரு கட்டைத் தூக்கினாலும், தெருவுல அவங்களுக்கு அடுத்த நடவு கெடையாது. பேசி முடிச்சிருக்கு. என் தங்கச்சிங்கிறதுக்காக நான் மாத்திப் பேச முடியாது."

"சரிண்ணே."

அவன் போகும்போது சுவரிலிருந்த எண்களைச் சற்று நின்று பார்த்தான். "என்ன இது, தேதியா?" என்றான். அம்சம் பதில் சொல்வதற்குள் போய்விட்டான்.

அறுப்பு நாளன்று பனி விலகுவதற்கு முன்பே லாரி வந்துவிட்டது. முப்பது பேர் இறங்கினார்கள். பாதி பெண்கள். ஐயாவின் மேலச்செய் வயலில் இறங்கி அறுக்கத் தொடங்கினார்கள். வரப்பில் பத்தடிக்கு ஒருவராக ஆறு பேரும் நின்றார்கள். மேலே சட்டையில்லை. இடுப்பில் துண்டு. பார்க்கிறவர்களுக்குப் பயம் வர வேண்டும் என்று ஏஜெண்டு பஞ்சநதம் உடம்பெல்லாம் எண்ணெய் பூசி வரச் சொல்லியிருந்தார். மேடைக்குப் பூசுவதுபோல் மாஸ்டர்தான் பூசிவிட்டார். வெயில் ஏறியதும் ஆறு பேரும் புதுப் பித்தளைக் குடம் மாதிரி மின்னினார்கள்.

கீழத்தெரு ரோட்டில் நின்றது. ரோட்டுக்கும் வயலுக்கும் நடுவே வாய்க்கால். அதன் குறுக்கே ஒற்றைப் பனைமரம் போட்டிருந்தது. யாரும் அதைத் தாண்டவில்லை. மதகுக் கட்டையில் இரண்டு போலீஸ்காரர்கள் உட்கார்ந்து வேர்க்கடலை தின்றார்கள்.

"கொலுவுல வச்ச மாதிரியில்ல நிக்கிறாங்க" என்றாள் நீலாம்பாள். "சுண்டல் குடுப்பாங்களா, கேளுங்கடி."

அம்சம் தன் புருஷனைப் பார்த்தாள். மூன்றாவதாக நின்றான். கம்பை ஊன்றிக்கொண்டு, வயிற்றை உள்ளே இழுத்து, மார்பைத் தூக்கி நின்றான். அவள் பக்கம் பார்க்கவில்லை. அந்த நிற்பை அவளுக்குத் தெரியும். அவள் "ம்" சொல்வதற்காக நிற்கிற மாதிரியே நின்றான்.

பத்துமணி வாக்கில்தான் அவன் முதலில் நெளிந்தான். அறுத்த தாளிலிருந்து கிளம்பிய சுணையும் தூசும் காற்றில் வந்து, எண்ணெய் உடம்பில் அப்பிக்கொண்டன. முதலில் தோளை ஆட்டினான். பிறகு கம்பால் முதுகைச் சொறிந்தான். கொஞ்ச நேரத்தில் ஆறு பேரும் சொறிந்தார்கள். எண்ணெயில் ஒட்டிய சுணை, தேய்க்கத் தேய்க்கத் தோலுக்குள் போகும். வயலில் வேலை செய்கிற சின்னப் பிள்ளைக்கும் இது தெரியும். அறுப்புக்கு வருகிறவன் தலைக்குக்கூட எண்ணெய் வைக்கமாட்டான். கோவிந்தராசுக்கும் தெரிந்ததுதான். இரண்டு வருஷத்தில் அது அவன் உடம்பைவிட்டுப் போயிருந்தது.

"ஏ, ஆடுறாங்கடி!" என்று யாரோ கத்தினார்கள். ரோடு சிரித்தது. போலீஸ்காரர் ஒருவரும் சிரித்தார். ஒரு பெண் சட்டென்று குலவை போட்டாள்.

அம்சம் சிரிக்கவில்லை. அவளுக்கும் முதுகு அரித்தது.

மத்தியானம், லாரியில் வந்தவர்கள் வரப்பில் உட்கார்ந்து சோற்றை அவிழ்த்தார்கள். கண்ணுசாமி தனியாக, வெறுங்கையோடு, பனைமரத்தைத் தாண்டிப் போனான். கோவிந்தராசுவின் முன்னால் கொஞ்சம் நின்றான். "வழி விடு மாப்ள, பேசிட்டு வந்திடுறேன்." கோவிந்தராசு விலகினான்.

"எங்கேர்ந்து வாரீங்க?" என்று கண்ணுசாமி கேட்டது ரோடு வரைக்கும் கேட்டது.

வயதான பெண் ஒருத்தி நிமிர்ந்தாள். "ஏன், நீங்கள்ளாம் யாரு?"

"இந்த ஊரு. இந்த நெல்ல நட்டவங்க. நட்டது நாங்க, களையெடுத்தது நாங்க."

"ஊருல பேதி கண்டு எல்லாரும் படுத்துக் கெடக்கிறாங்க, அறுக்க ஆளில்லன்னில்ல கூட்டியாந்தாங்க?"

"அந்தா நிக்கிறாங்க பாருங்க."

அந்தப் பெண் கண்ணுக்கு மேல் கையை வைத்து ரோட்டைப் பார்த்தாள். நிறைய நேரம் பார்த்தாள். "எல்லாம் நல்லாத்தான இருக்குது" என்றாள். பிறகு தன் ஆட்களிடம் என்னவோ சொன்னாள். அவர்கள் சோற்றை முடித்து, கையலம்பி, அரிவாளை இடுப்பில் செருகிக்கொண்டு ரோட்டுக்கு ஏறி, வடக்கே நடந்தார்கள். ஏஜெண்டு பின்னாலேயே ஓடினார். யாரும் நிற்கவில்லை.

அறுத்த நெல் அரி அரியாக வயலில் கிடந்தது. கிழக்கே வானம் கறுத்து வந்தது. தையில் பெய்யக் கூடாத மழை. ஆனாலும் இரண்டு மூன்று வருஷத்துக்கு ஒருமுறை வரும். ஏஜெண்டு மேலும் கீழும் பார்த்தார். பிறகு வரப்பில் நின்ற ஆறு பேரையும் பார்த்தார்.

"என்னடா நின்னுக்கிட்டு? கட்டித் தூக்குங்கடா. களத்துல கொண்டு போடுங்க."

மாஸ்டர் முன்னால் வந்தார். "சார், இவங்க தலைச்சுமை தூக்கக் கூடாது. வர்ற ஞாயித்துக்கிழம காம்ப்படிஷன். கழுத்து போயிடும்."

"ரெண்டு வருசம் பாலு ஊத்தினது எதுக்கு, ரோட்டுல நிக்கிறவளுவ பாத்துச் சிரிக்கவா? நெல்லு நனைஞ்சா ஐயா என் கழுத்தத்தான் கேப்பாரு. தூக்கச் சொல்லுங்க."

மாஸ்டர் அவர்கள் பக்கம் திரும்பவில்லை. கொட்டகையை நோக்கி நடந்துவிட்டார்.

ஆறு பேரும் இறங்கினார்கள். கட்டுவதற்குத் தாளைப் பிரியாக முறுக்கவே வரவில்லை. ஒருவன் கட்டினது தூக்கியதும் அவிழ்ந்தது. கோவிந்தராசு கட்டினது மட்டும் நின்றது. பழைய கை கொஞ்சம் நினைவில் இருந்திருக்க வேண்டும். யாரையும் கூப்பிடாமல், கர்லாக்கட்டை தூக்குவதுபோல, ஒரே வீச்சில் கட்டைத் தலைக்கு மேல் தூக்கினான். கைகள் நடுங்காமல் நின்றன.  ரோட்டில் ஒருவன் விசிலடித்தான்.

தூக்க முடிந்தது. நடக்க முடியவில்லை. நெல்லுக்கட்டு மேலும் கீழும் அலையும். அது அலைகிற அலைக்கு முழங்காலை விட்டுக்கொடுத்து, ஓட்டமும் நடையுமாகப் போக வேண்டும். கோவிந்தராசு விறைப்பாக, அடிமேல் அடி வைத்து நடந்தான். எண்ணெயில் கட்டு வழுக்கிப் பின்னால் இறங்கியது. பிடிக்கத் திரும்பினான். வரப்பு அரையடி அகலம். கட்டு கழுத்தை ஒரு பக்கமாக முறுக்கிக்கொண்டு அவனோடு வாய்க்காலில் விழுந்தது.

அவன் எழுந்தான். தலை இடது தோளின் பக்கமாகச் சாய்ந்திருந்தது. கட்டை இழுத்துக் கரையில் போட்டான். இப்போது அது தண்ணீர் குடித்து இரண்டு மடங்கு கனம். மறுபடி தூக்கப் பார்த்தான். இடுப்பு வரைக்கும்தான் வந்தது. மற்ற ஐந்து பேரும் தூரத்தில் இருந்தார்கள். பக்கத்தில் இருந்தது ரோடு. அவன் நிமிர்ந்து ரோட்டைப் பார்த்தான். தலை சாய்ந்திருந்ததால் அவளைப் பார்க்க உடம்பையே திருப்ப வேண்டியிருந்தது.

"அம்சம்" என்றான். "ஒரு கை குடு."

 தூறல் விழுந்தது. ஒருவேளை அவனுக்கு அந்தப் புல்லுக்கட்டு நினைவே இல்லையோ என்று அவள் நினைத்தாள். இல்லாமல்தான் இருக்கும். நினைவு வைத்துக்கொண்டு கேட்டிருக்க முடியாது.

அவள் பனைமரத்தில் கால் வைத்தாள்.

"அடியே!" என்றாள் நீலாம்பாள். "தூக்கிவிட்டியோ, அப்புறம் ஒனக்கும் எனக்கும் பேச்சில்ல."

"விடுங்க" என்றான் கண்ணுசாமி.  "அவளுக்குத் தெரியும்."

அவள் பக்கத்தில் போனாள். அவன் மேலெல்லாம் தடித்துச் சிவந்திருந்தது. உச்சந்தலையில் தாள் கீறி ரத்தம் துளிர்த்திருந்தது.

"சும்மாடு எங்க?"

"கொண்டாரல."

அவள் தன் இடுப்பில் சுற்றியிருந்த துண்டை அவிழ்த்தாள். முறுக்கி, வட்டமாகச் சுருட்டி, நுனியைச் செருகினாள். அவன் தலையில் வைத்து, நடு உச்சிக்குக் கொண்டுவந்து, உள்ளங்கையால் ஒருமுறை அழுத்தினாள். அவன் முழங்காலை மடித்து, கைகளை நெல்லுக்கட்டுக்கு அடியில் கொடுத்து, கண்ணை மூடிக்கொண்டான். அவள் மறுபக்கம் பிடிக்கப் போகிறாள் என்று காத்திருந்தான்.

அம்சம் திரும்பிப் பனைமரத்தில் ஏறி ரோட்டுக்கு வந்துவிட்டாள்.  நீலாம்பாள் நகர்ந்து இடம் விட்டாள். அவன் கண்ணைத் திறந்து பார்த்தபோது மழை பிடித்துவிட்டது. தலையில் சும்மாட்டோடு அவன் அப்படியே நின்றான்.

அன்று சாயங்காலமே ஏஜெண்டு குடை பிடித்துக்கொண்டு கீழத்தெருவுக்கு வந்தார். கண்ணுசாமி வீட்டு வாசலில் நின்றபடி பேசினார். பேசின கூலி, உள்ளூர் ஆள், எல்லாம் சரி, காலையில் இறங்கினால் போதும் என்றார். மறுநாள் தெருவே இறங்கியது. அம்சமும் போனாள். நனைந்த கட்டுகளை வைக்க வேறு இடமில்லாமல் கழகக் கொட்டகையைக் காலி செய்தார்கள். கர்லாக்கட்டைகள் வெளியே வேப்பமரத்தடியில் கிடந்தன. மஞ்சளும் பொட்டும் கரைந்து ஓடியிருந்தன. அவள்தான் முதல் கட்டை உள்ளே கொண்டுபோய் வைத்தாள். முதல் தடவையாகக் கொட்டகைக்குள் போகிறாள். ஆணி இருந்த சுவரை ஒட்டி அடுக்கச் சொன்னார்கள். அடுக்க அடுக்க ஆணி மறைந்தது.

மாஸ்டர் வந்து கோவிந்தராசுவின் தலையை இரண்டு கைகளாலும் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். "இந்த வருசம் உனக்கு வேணாம்பா. தல நேரா நிக்கல" என்றார். ஐயா வீட்டுப் பால் நின்றுபோயிற்று.  அவன் வீட்டிலேயே இருந்தான். அம்சம் அறுப்புக்குப் போகும் முன் கஞ்சி வைத்துவிட்டுப் போனாள். திரும்பி வந்ததும் வெந்நீர் வைத்துக் கழுத்தில் ஒத்தடம் கொடுத்தாள். நீலாம்பாள் ஒரு முட்டை கொண்டுவந்து, "இது ஒனக்கு. நான் பாக்கத் தின்னு" என்றாள். அம்சம் அவள் பார்க்கத் தின்றாள். ருசி ஒன்றும் தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை வந்தது.

விளக்கு வைத்துவிட்டு வந்தபோது கோவிந்தராசு வாசலில் கிழக்கு பார்த்து நின்றான். கைகளை உயர்த்தியிருந்தான். தலை மட்டும் இன்னும் இடது பக்கம் சாய்ந்திருந்தது. யாரோ கூப்பிட்டதைக் கேட்பவன் மாதிரி.

"போட்டிக்குத்தான் போகலையே?" என்றாள்.

"போகல. வெள்ளிக்கிழம இல்லையா?"

அவள் நாடாவை எடுத்தாள். முதுகைச் சுற்றிக் கொண்டுவந்தாள். கொப்புளங்கள் உலர்ந்து தோல் சொரசொரத்தது. மூச்சை விட்ட அளவைப் பிடித்தாள். "ம்" என்றாள். அவன் பார்த்தான். எழுதவில்லை, கரித்துண்டைத் தேடவும் இல்லை. மறுபடி நிமிர்ந்து கண்ணை மூடி மூச்சை இழுத்தான். மார்பு உயர்ந்தது. நாடா அவள் விரல்களுக்கிடையே நழுவி நீண்டது. அவள் கட்டைவிரல் தன் பழைய கீறலில் தட்டியது.

இத்தனை வாரமும் தாண்டிப்போன விரல் இன்று தாண்டவில்லை. அந்த இடத்திலேயே நகத்தை வைத்தாள். பள்ளம் அவள் நகத்துக்குச் சரியாக இருந்தது.

அவன் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றான். கழுத்து நரம்பு புடைத்தது. முகம் சிவந்தது. காத்திருந்தான்.

உள்ளே உலை கொதித்து மூடி ஆடும் சத்தம் கேட்டது. அம்சம் நாடாவை விட்டாள். அது அவன் தோளில் மடங்கித் தொங்கியது. உள்ளே போய், படியில் அரிசியை எடுத்து, முறத்தில் கொட்டிக் கல் பொறுக்கினாள். களைந்தாள். உலையில் போட்டாள். வாசலில் அவன் இன்னும் கைகளை இறக்கவில்லை. நிழல் உள்ளே வரை விழுந்திருந்தது.

அவள் "ம்" சொல்லவில்லை.